சைன் வைக்க முதல் கடிதத்தை ஒருக்கா வாசிப்போம்

களுவாஞ்சிகுடியில் பிரதான வீதியோரம் எனக்கு ஒரு கொமினிகேஷன் கடை இருக்கிறது. போட்டோ கொப்பி, டைப்பிங், லெமினேட்டிங், அடையாள அட்டைக்குப் போட்டோ. 2007 இல் ஒரு பழைய மெஷினோடு தொடங்கினேன். எருவில், குருமண்வெளி, ஓந்தாச்சிமடம், வாவிக்கு அக்கரையில் மண்டூரிலிருந்து பாதை என்கிற மிதவைப் படகேறி வருகிற பிள்ளைகள் என்று வேலை தேடுகிற ஆட்கள் எல்லாரும் ஒரு நாளைக்காவது என் கடைக்கு வருவார்கள். முதலில் பயோடேட்டா அடிக்க வருவார்கள். அதிர்ஷ்டம் இருந்தால் இரண்டு மாதத்துக்குப் பிறகு நியமனக் கடிதத்தைக் கொப்பி எடுக்க வருவார்கள். அப்படி வருகிற கடிதங்களை வாசித்து வாசித்தே எனக்குத் தொழிற்சட்டம் கொஞ்சம் பிடிபட்டது. சட்டத்தரணி அல்ல நான். ஆனால் எந்த வரியில் விரலை வைத்து நிறுத்த வேண்டும் என்று தெரியும்.

போன வருசம் மண்டூர்ப் பிள்ளை ஒருத்தி வந்தாள். மட்டக்களப்பு ரவுனில் ஒரு கொம்பனி அலுவலகத்தில் வேலை கிடைத்திருந்தது. மூன்று பக்க இங்கிலீசுக் கடிதம். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் கையெழுத்து வைத்துத் திங்கட்கிழமை கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். அவள் கொப்பி எடுக்கத்தான் வந்தாள். நான் மெஷினில் வைக்க முதல் பழக்கதோசத்தில் ஓடவிட்டுப் பார்த்தேன். 11 ஆம் இலக்கம்: வேலையில் இருக்கும் காலத்தில் எந்தத் தொழிற்சங்கத்திலும் சேருவதில்லை, ஏற்கெனவே இருந்தால் விலகிவிட வேண்டும் என்று சம்மதிக்கிறேன். தமிழில் சொல்லிக் காட்டினேன்.

"யூனியன் எண்டா என்ன மாமா?" என்று கேட்டாள்.

என்னவென்றே தெரியாத ஒன்றில் சேரமாட்டேன் என்று கையெழுத்துப் போடச் சொல்லியிருக்கிறார்கள். அன்றைக்கு அவளுக்குச் சொன்னதைத்தான் இங்கே விரித்து எழுதுகிறேன்.

நம் இலங்கையில் கைத்தொழில் பிணக்குகள் சட்டம் என்று ஒன்று இருக்கிறது, 1950 ஆம் ஆண்டின் 43 ஆம் இலக்கச் சட்டம். 1999 இல் திருத்தியபோது அதில் 32அ என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். முதலாளி செய்யக்கூடாத காரியங்களை அது ஒவ்வொன்றாகச் சொல்கிறது. வேலைக்கு நிபந்தனையாகச் சங்கத்தில் சேர் என்றோ, சேராதே என்றோ, விலகு என்றோ, விலகாதே என்றோ கேட்கக்கூடாது. சங்கத்தில் இருக்கிறார் என்ற ஒரே காரணத்துக்காக வேலையை விட்டு நிறுத்தக்கூடாது. சேராமல் இருப்பதற்காக ஏதும் தருகிறேன் என்று ஆசை காட்டக்கூடாது. சங்கம் தொடங்குவதையும் அதற்குக் காசு கொடுப்பதையும் மறிக்கக்கூடாது. இன்னும் இருக்கிறது. வேலைக்கு எடுக்கிற நேரத்தில் நமக்கு உதவுவது அந்த முதலாவது. 11 ஆம் இலக்கம் நேரே அதில் போய் முட்டுகிறது. சட்டம் கூடாது என்று சொன்னதைக் கடிதத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கிவிட்டதால் அது செல்லுபடியாகிவிடாது.

இதற்கு மேலே அரசியலமைப்பின் 14 ஆம் உறுப்புரை இருக்கிறது. தொழிற்சங்கம் அமைக்கவும் சேரவும் ஒவ்வொரு பிரசைக்கும் உரிமை உண்டு என்கிறது. தொழிற்சங்க உரிமை பற்றிய சர்வதேசத் தொழில் அமைப்பின் 98 ஆம் சமவாயத்தை இலங்கை 1972 இலும், 87 ஆம் சமவாயத்தை 1995 இலும் ஏற்றுக்கொண்டது. ஆனால் ஒன்று. தனியார் முதலாளிக்கு எதிராக அடிப்படை உரிமை வழக்கென்று உயர் நீதிமன்றம் போக முடியாது, அது அரசின் செயலுக்கு எதிராக மட்டும். தனியாரில் கைக்கு எட்டுகிற ஆயுதம் 32அ தான். அரசாங்க வேலை என்றால் கணக்கு வேறு, கைத்தொழில் பிணக்குகள் சட்டம் அரசாங்கத்தை முதலாளியாகக் கணக்கில் எடுப்பதில்லை. கவண்மெண்ட் வேலைக்குக் காத்திருக்கிற ஆட்களுக்கு 32அ உதவாது.

அந்தப் பிள்ளைக்கு மூன்று வழி சொன்னேன். ஒன்று, திங்கட்கிழமை போய் மரியாதையாகக் கேட்பது: "சேர், இந்த 11 ஆம் இலக்கம் தொழில் திணைக்களச் சட்டத்துக்கு ஒத்துவராது என்று ஒருவர் சொன்னார். அதை எடுத்துவிட்டுத் தரலாமா?" அல்லது அந்த வரியை வெட்டி, பக்கத்தில் இரண்டு தரப்பும் சின்னக் கையெழுத்து வைப்பது. ஒன்றும் சரிவராவிட்டால் அப்படியே கையெழுத்துப் போட்டுவிட்டு, முழுக் கடிதத்தின் கொப்பியையும் வீட்டில் வைத்திருப்பது. நிபந்தனை போட்டதற்கு அவர்களே எழுதித் தந்த சாட்சி அது.

அவள் கேட்டாளாம். "எல்லாருக்கும் இதே கடிதம்தான்" என்றார்களாம். கையெழுத்துப் போட்டாள். வீட்டில் வருமானம் இல்லாதபோது வேலையா வரியா என்றால் எவரும் வேலையைத்தான் பார்ப்பார்கள். கொப்பி இருக்கிறது, அது போதும்.

இனி இன்டர்வியூ. கடிதத்தில் எழுதினால் மாட்டிக்கொள்வோம் என்று தெரிந்த முதலாளிமார் அங்கே வாயால் கேட்பார்கள். "முந்தி வேலை செய்த இடத்தில் யூனியன் இருந்ததா?", "நீங்கள் அதில் இருந்தனீங்களா?", "அப்பா எங்க வேலை?" கடைசிக் கேள்வி சும்மா கேட்பதுபோல் இருக்கும். வாழைச்சேனைப் பக்கத்துப் பிள்ளையிடம் அதைக் கேட்டால் கடதாசி ஆலையில் என்ற பதில் வரலாம், உடனே அடுத்த கேள்வி சங்கத்தைப் பற்றி வரும். கேள்வியைக் கேட்பதே குற்றம் என்று 32அ இல் ஒரு சொல்லும் இல்லை. நிபந்தனை போடுவதைத்தான் தடுக்கிறது. கேட்டுவிட்டு வேறு காரணம் சொல்லி வேலை தராமல் விட்டால், இதனால்தான் தரவில்லை என்று நிரூபிப்பது மலையைப் பிடித்து இழுக்கிற வேலை. அதனால் பதிலைக் கவனமாகச் சொல்லப் பழக வேண்டும்.

பொய் சொல்லாதீர்கள். சங்கத்தில் இருந்துவிட்டு "இல்லை" என்று சொன்னால், பிறகு உங்களை அனுப்ப ஒரு காரணம் தேடும்போது அந்தப் பொய்யே கைகொடுக்கும். உண்மையை முழுக்க அவிழ்த்துப் போடவும் தேவையில்லை. கேள்வியை மெல்ல வேலைப் பக்கம் திருப்புங்கள். நான் பிள்ளைகளுக்குப் பழக்குகிற பதில் இது: "அது என்ர சொந்த விசயம் சேர். முந்தின இடத்தில் மூன்று வருசம் வேலை செய்தேன், லீவு கூட எடுத்ததில்லை. வேணுமெண்டால் அங்க கேட்டுப் பாருங்க." குரலைச் சிரித்தமாதிரி வைக்க வேண்டும். முறைத்துக்கொண்டு சொன்னால் வேலையும் போய்விடும். "சேருவியா?" என்று நேரே கேட்டால், "இப்பைக்கு வேலை பழகுறதுதான் யோசனை" என்று சொல்லலாம். அது பொய் இல்லை. சேரமாட்டேன் என்று வாக்குக் கொடுப்பதும் இல்லை.

இன்டர்வியூ முடிந்து வெளியே வந்ததும், பஸ் தரிப்பிடத்தில் நின்றே, என்ன கேட்டார்கள், யார் கேட்டது, எத்தனை மணி, என்ன பதில் சொன்னேன் என்று உங்கள் வட்ஸ்அப்பிலிருந்து உங்களுக்கே ஒரு மெசேஜ் போட்டுவிடுங்கள். திகதியும் நேரமும் அதுவாகவே விழும். இரண்டு வருசம் கழித்து ஞாபகத்தை நம்ப முடியாது.

பயோடேட்டாவில் சங்கப் பொறுப்புகளைப் போடலாமா என்று சிலர் கேட்கிறார்கள். நான் போடுவதில்லை. பயோடேட்டா வேலைக்கான தாள், அதில் கட்சி வேண்டாம், சங்கம் வேண்டாம், எந்தக் கோயிலில் வண்ணக்கர் என்பதும் வேண்டாம். பொருளாளராக இருந்து கணக்கு வைத்திருந்தால் "கணக்குப் பதிவில் அனுபவம்" என்று போட்டுக்கொள்ளலாம். பேஸ்புக்கையும் ஒருக்கா பாருங்கள், மனேஜர்மார் இப்போது அங்கேதான் முதல் இன்டர்வியூ வைக்கிறார்கள். மே தின ஊர்வலப் போட்டோவை அழிக்கச் சொல்லவில்லை, நண்பர்களுக்கு மட்டும் என்று மாற்றிவிடுங்கள்.

சரி, என் கதைக்கு வருகிறேன். இந்தக் கடையை ஏன் தொடங்கினேன் என்பதே அந்தக் கதைதான்.

2003 இல் ஒரு சாமான் விநியோகக் கொம்பனியில் ஸ்டோர் கிளார்க்காகச் சேர்ந்தேன். பேர் வேண்டாம். முதல் நாள் ஒரு கட்டுத் தாள் தந்தார்கள். பென்சிலால் புள்ளடி போட்ட இடமெல்லாம் கையெழுத்து வைக்கச் சொன்னார்கள். அதில் ஒன்று வெற்றுத்தாள். முழுக்க வெள்ளை, அடியில் மட்டும் புள்ளடி. "இது ஒண்டும் இல்ல, போர்மாலிட்டி" என்றார் அந்த உத்தியோகத்தர். வைத்தேன். எனக்கு இருபத்தொன்பது வயது, கலியாணம் பேசிக்கொண்டிருந்தார்கள், வேலை வேண்டும்.

மூன்று வருசம் போனது. ஓவர்டைம் கணக்கில் பிரச்சினை. நானும் லொறிப் பொடியன்கள் நாலைந்து பேரும் கொழும்பிலிருந்து வந்த ஒரு சங்கக்காரரோடு ஒரு தேத்தண்ணிக் கடையில் இருந்து கதைத்தோம். கதைத்தது அவ்வளவுதான், ஒரு போர்ம் கூட நிரப்பவில்லை. அடுத்த கிழமை என்னைக் கூப்பிட்டு என் ராஜினாமாக் கடிதத்தை ஏற்றுக்கொண்டதாகச் சொன்னார்கள். நான் எங்கே ராஜினாமா செய்தேன்? தாளைக் காட்டினார்கள். மேலே டைப் அடித்த நாலு வரி, அடியில் என் கையெழுத்து. "குடும்பக் காரணங்களுக்காக." எழுத்துக்கும் கையெழுத்துக்கும் இடையில் நாலு விரல் இடைவெளி. யாருடைய ராஜினாமாக் கடிதத்தில் அவ்வளவு வெள்ளை விட்டிருக்கும்?

அந்த இடைவெளியை வைத்தே வாதாடியிருக்கலாம். ஆனால் ஒருவர் அவசரமில்லை என்றார், இன்னொருவர் கொம்பனியோடு பேசிப் பார்ப்போம் என்றார். எட்டு மாதம் கழித்துத்தான், வேலையை விட்டு நிறுத்தியதை விசாரிக்கிற தொழில் நியாய சபைக்கு மனுப் போடப் போனேன். வேலை நின்ற நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் போட வேண்டும். காலம் போய்விட்டது.

அதனால் இரண்டு விசயத்தில் நான் விட்டுக்கொடுப்பதில்லை. வெற்றுத்தாளிலும் திகதி போடாத கடிதத்திலும் கையெழுத்து வைக்காதீர்கள். வைத்தே ஆகவேண்டிய நிலை என்றால் கையெழுத்துக்கு முன்னால் அன்றைய திகதியை நீங்களே பேனையால் எழுதுங்கள். வெள்ளையாக இருக்கிற இடத்தில் மூலைக்கு மூலை ஒரு கோடு இழுங்கள். பாங்கில் செக் கிழிக்கிறபோது "மட்டும்" என்று எழுதிக் கோடு போடுகிறோம் அல்லவா, அதே வேலைதான். கோடு போட்ட தாள் அவர்களுக்கு உதவாது. சண்டை பிடிக்கவும் தேவையில்லை.

கடிதத்தில் வேறு என்ன பார்ப்பது? முதலில் முதலாளி யார் என்று பாருங்கள். இதில்தான் இப்போது கூடப் பேர் ஏமாறுகிறார்கள். வேலை செய்வது ஒரு இடம், கடிதத்தின் தலையில் இருப்பது, ஆட்களை எடுத்து வேறு இடங்களுக்கு வேலைக்கு அனுப்புகிற ஒரு மேன்பவர் கொம்பனியின் பேர். சம்பளம் தருவது யார், ஈ.பி.எஃப். என்கிற சேமலாப நிதி கட்டுவது யார் என்பது அந்தத் தலையில்தான் இருக்கிறது. நாளைக்கு முறைப்பாடு போட்டால், "இவர் எங்கட ஆள் இல்லை" என்று இரண்டு பக்கமும் கையை விரிக்கும். கடிதம் தரும்போதே கேளுங்கள்: "என்ர ஈ.பி.எஃப். யார் பேரில போகும்?"

அப்புறம் சம்பளம். தேசிய ஆகக்குறைந்த சம்பளம் 2016 இல் 10,000 ரூபாவில் தொடங்கியது, 2025 ஏப்ரலில் 27,000, 2026 ஜனவரியிலிருந்து மாதம் 30,000. அதற்குக் கீழே எழுதியிருந்தால் கையெழுத்துக்கு முன்னரே கதைக்கவேண்டிய விசயம். சேமலாப நிதிக்கு உங்கள் சம்பளத்தில் 8 வீதம் வெட்டுவார்கள், முதலாளி 12 வீதம் போட வேண்டும். ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதிக்கு 3 வீதம், அது முழுக்க முதலாளியின் கை. "ஆறு மாதம் முடியட்டும், பேமனண்ட் ஆன பிறகு கட்டுவோம்" என்பது கிழக்கில் எல்லாக் கடையிலும் கேட்கிற பாட்டு. தகுதிகாண் காலமோ தற்காலிகமோ, முதல் நாளிலிருந்தே கட்ட வேண்டும்.

கடையிலோ அலுவலகத்திலோ வேலை என்றால் 1954 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்கக் கடை, அலுவலக ஊழியர் சட்டம் உங்களுக்குச் சொந்தம். பதவி, சம்பளம், தகுதிகாண் காலம், வேலை நேரம், லீவு எல்லாம் எழுதிய கடிதத்தை முதலாளி தரத்தான் வேண்டும். நாளைக்கு 8 மணித்தியாலம், கிழமைக்கு 45, அதற்கு மேல் ஓவர்டைம், அது ஒன்றரை மடங்கு. தொழிற்சாலை, கட்டட வேலை என்றால் சம்பளச் சபைகள் கட்டளைச் சட்டத்துக்குள் வரும், விவரங்கள் மாறும். எதுவானாலும் கடிதம் கேளுங்கள்.

முதலாளிமாரும் என் கடைக்கு வருவார்கள். போன மாதம் ஒரு ஹாட்வெயார் முதலாளி, நாலு பொடியன்களுக்கு நியமனக் கடிதம் அடிக்கச் சொன்னார். நல்ல மனுசன், கடிதம் கொடுக்க நினைத்ததே பெரிய விசயம். முடிகிற நேரத்தில், "யூனியன் கீனியன் வேணாம் எண்டு ஒரு வரி போடுங்க தம்பி" என்றார். அந்த வரியால் நீங்கள் நீதவான் நீதிமன்றம் ஏறவேண்டி வரலாம் முதலாளி என்றேன். முகம் மாறிவிட்டது. இன்னொன்றும் சொன்னேன்: ஒரு சங்கத்தைப் பதிவு செய்ய ஏழு பேர் வேண்டும், தொழிற்சங்கக் கட்டளைச் சட்டம் 1935 இலிருந்து அப்படித்தான். உங்களிடம் இருப்பது நாலு பேர். நாடளாவிய சங்கமொன்றில் அவர்கள் சேரலாம், ஆனால் இந்த வரியைப் போட்டால்தான் அப்படி ஒன்று இருக்கிறது என்றே அவர்களுக்குத் தெரியவரும். சிரித்துவிட்டார். அந்த இடத்தில் ஓவர்டைம் எப்படிக் கணக்குப் பார்ப்பது என்று ஒரு வரி போட்டோம். உங்களிடமும் ஆட்கள் வேலை செய்தால் அந்த வரியைப் போடுங்கள். சங்கத்தைத் தேடிப் போகிறவர்கள் பெரும்பாலும் அப்படி ஒரு வரி இல்லாததால்தான் போகிறார்கள், நானும் அப்படித்தான் போனேன்.

வேலை கிடைத்த பிறகு, தகுதிகாண் காலத்திலேயே சங்கத்தில் சேரலாமா? சேரலாம், தகுதிகாண் ஆளுக்கு உரிமை இல்லை என்று 32அ சொல்லவில்லை. ஆனால் அந்தக் காலத்தில் ஒருவரை அனுப்புவது முதலாளிக்கு லேசு. 1971 ஆம் ஆண்டுச் சேவை முடிவுறுத்தல் சட்டத்தின் பாதுகாப்பும் 15 பேருக்குக் குறைந்த இடத்தில் இல்லை, 180 நாள் வேலை செய்யாதவருக்கும் இல்லை. ஆகவே என் புத்தி: சேருங்கள், சந்தாப் பற்றுச்சீட்டை வாங்கி வையுங்கள், கன்டீனில் அறிவிக்காதீர்கள். இதைச் சங்கக்காரர்கள் சிலர் ஒத்துக்கொள்ள மாட்டார்கள், பயந்தவன் பேச்சு என்பார்கள். இருக்கட்டும். ஆட்கள் கூடினால் நிலைமை மாறும். ஒரு சங்கம் எந்தத் தொழிலாளருக்காகப் பேச வருகிறதோ அவர்களில் 40 வீதத்துக்குக் குறையாதவர்கள் அதில் இருந்தால், அந்தச் சங்கத்தோடு முதலாளி பேச மறுப்பதும் 32அ இன் கீழ் குற்றம்தான்.

பிரச்சினை வந்துவிட்டால் முதலில் தொழில் அலுவலகம். மட்டக்களப்பிலும் கல்முனையிலும் அம்பாறையிலும் இருக்கிறது. வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். முறைப்பாட்டை எழுதுங்கள், இரண்டு பிரதி எடுங்கள், ஒன்றில் முத்திரை குத்தித் திகதி போட்டு வாங்குங்கள், அல்லது பதிவுத் தபாலில் போட்டுத் துண்டைக் கடிதத்தோடு குத்தி வையுங்கள். 32அ வழக்கை நீதவான் நீதிமன்றத்தில் நீங்களாகப் போட முடியாது, திணைக்களம்தான் போட வேண்டும். அதனால் போய்ப் போய்க் கேட்க வேண்டும். வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள் என்றால் அங்கே முறைப்பாடு ஓடட்டும் என்று காத்திருக்காமல் தொழில் நியாய சபை மனுவையும் ஆறு மாதத்துக்குள் போட்டுவிடுங்கள். அங்கே சட்டத்தரணிதான் வேண்டும் என்றில்லை, சங்கத்தின் பிரதிநிதியும் உங்களுக்காகப் பேசலாம்.

மண்டூர்ப் பிள்ளை போன மாதமும் வந்தாள். தகுதிகாண் காலம் முடிந்து நிரந்தரமாக்கிய கடிதம் கையில். இந்த முறை அவளே பக்கத்தைப் புரட்டி ஒரு வரியில் விரலை வைத்து, "மாமா, இதுக்கு என்ன அர்த்தம் எண்டு சொல்லிட்டு மறுகா கொப்பி எடுங்க" என்றாள். வேலை நேர வரி அது. 45 மணித்தியாலம் சரியாகத்தான் போட்டிருந்தார்கள். மூன்று கொப்பி எடுத்துக் கொடுத்தேன், ஒன்று அவளுக்கு, ஒன்று வீட்டுக்கு, ஒன்று என் கடை அலுமாரியில்.